இரண்டு பூலாவ் பெசார்

“அக்கா, நான் ஜெட்டியிலதான் நிக்கிறேன். நீங்க எங்க இருக்கீங்க?”

“நானும் ஜெட்டியிலதாம்மா இருக்கேன். நீ எந்தப் பக்கம்?”

“டிக்கெட் கவுண்டர் பக்கத்துல. மஞ்சள் சுடிதார் போட்டிருக்கேன்.”

டிக்கெட் கவுண்டரில் உட்கார்ந்திருந்ததே நான்தான். மெர்சிங் படகுத்துறையில் அந்தக் கண்ணாடிக்குப் பின்னால்தான் என் பாதி ஆயுசு போனது. எனக்குத் தெரியாமல் ஒரு மஞ்சள் சுடிதார் அதன் பக்கத்தில் வந்து நிற்க முடியாது. இருந்தாலும் எழுந்து வெளியே வந்து பார்த்தேன்.

முதுகில் மூட்டையோடு நாலைந்து வெள்ளைக்காரப் பிள்ளைகள். ஐஸ் பெட்டிகளோடு ஒரு சீனக் குடும்பம். கழிப்பறை வாசலில் காசு வாங்கும் மலாய்க்கார அம்மா, எங்களுக்கு மக்சிக். டீசல் வாடையும் கருவாட்டு வாடையும் கலந்த காற்று. தமிழ் முகம் ஒன்றுகூட இல்லை.

“அம்மா, கையைத் தூக்கிக் காட்டு.”

“தூக்கிட்டுத்தான் அக்கா நிக்கிறேன்!”

எனக்குச் சட்டென்று கோபம் வருவது இந்தப் பத்தியை வாராவாரம் படிக்கும் என் வாசகர்களுக்குத் தெரியும். இந்தப் பெண் என்ன விளையாடுகிறாளா என்று வாய்வரை வந்தது. அவள் குரலைக் கேட்டதும் அடக்கிக்கொண்டேன். அழுது முடித்து, இனி அழ நேரமில்லை என்று நிறுத்தி வைத்திருந்த குரல் அது.

அவள் பெயர் கலைவாணி. ஜொகூரின் உள்நாட்டில் இருக்கிற லாபிஸ்காரி. அதுவரை நான் அவளைப் பார்த்தது கிடையாது. அவள் வீட்டுக்காரர் சந்திரன் எங்கள் பக்கத்துத் தீவு ஒன்றில், தங்கும் விடுதிக்குக் கூரை மாற்றும் வேலையில் இருந்தார். அன்று காலை வேலை தொடங்கிய கொஞ்ச நேரத்தில் கூரையிலிருந்து விழுந்துவிட்டார். கீழே சிமெண்டுத் தரை. முதுகில் பலமான அடி.

வேலையை மேற்பார்க்கும் மண்டோராக இருந்தவர் ஓர் இந்தோனேசியர். அவர்தான் கலைவாணிக்கு மலாயில் போன் செய்து, “ஜெத்தி பூலாவ் பெசாருக்கு உடனே வாங்க” என்று சொல்லியிருக்கிறார். அங்கே தமிழ் பேசும் ஆள் இவர் என்று என் எண்ணையும் கொடுத்திருக்கிறார். கொடுத்த கையோடு எனக்கும் தகவல் சொன்னார். படகு கிடைத்ததும் சந்திரனை ஏற்றிக்கொண்டு வருவார்கள், நான் அந்தப் பெண்ணுக்குத் துணையாக நிற்க வேண்டும், அவ்வளவுதான். நானும் நின்றேன். அவளும் நின்றாள். ஆனால் ஒருவரை ஒருவர் பார்க்க முடியவில்லை.

பன்றிகள் போன கதை

போன வாரம், பகாங் தீவுக்கான டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு ஜொகூர்த் தீவில் இறங்கிச் சண்டை போட்ட ஒரு புது மாப்பிள்ளையைப் பற்றி எழுதியிருந்தேன். அதைப் படித்த ஒரு வாசகி, “இந்தத் தீவுகள் எல்லாம் யாருடையவை என்று ஒரு தடவை ஒழுங்காகத்தான் சொல்லித் தொலையுங்களேன்” என்று கேட்டிருக்கிறார். சொல்லித் தொலைக்கிறேன்.

நாட்டின் கிழக்குக் கரையில் இருக்கிற எங்கள் மெர்சிங்கிலிருந்து பார்த்தால் கடலில் தீவுகள் சிதறிக் கிடக்கும், குழந்தை தட்டிலிருந்து இறைத்த சோறு மாதிரி. அதில் பெரியதும் பேர்பெற்றதும் தியோமான். அதற்குப் படகு எங்கள் துறையிலிருந்துதான் போகும். ஆனால் அது பக்கத்து மாநிலமான பகாங்குடையது. அங்கே ஒருவர் பர்சைத் தொலைத்தால் பகாங் போலீசிடம்தான் புகார் கொடுக்க வேண்டும். கரைக்குப் பக்கத்தில் இருக்கும் மற்ற தீவுகள் பெரும்பாலும் எங்கள் ஜொகூருடையவை. கடல்வளப் பூங்காவுக்குக் கட்டும் கட்டணச் சீட்டும் அதற்குத் தகுந்த மாதிரி மாறும். மாற்றி வாங்கியவர்கள் திட்டுவது மட்டும் ஒரே ஆளை. அது நான்.

விடுமுறையிலும் ஒரு கூத்து இருந்தது. அந்தக் காலத்தில் ஜொகூரில் வெள்ளியும் சனியும் அரசாங்க விடுமுறை. பகாங்கில் சனியும் ஞாயிறும். வெள்ளிக்கிழமை எங்கள் அலுவலகம் சாத்தியிருக்கும், ஞாயிற்றுக்கிழமை அவர்களுடையது சாத்தியிருக்கும், சனிக்கிழமை இரண்டும் சாத்தியிருக்கும். இரண்டு மாநிலத்திலும் கையெழுத்து வாங்க வேண்டிய ஆள் வியாழக்கிழமை மாலையில் வந்து நின்றால், அவர் முகத்தைப் பார்க்கவே பாவமாக இருக்கும். இப்போது ஜொகூரும் சனி, ஞாயிறுக்கே திரும்பிவிட்டது.

இனி விஷயத்துக்கு வருகிறேன். எங்களுக்கு நேரே கிட்டத்தில் இருக்கும் மூன்று தீவுகளுக்கும் பழைய பெயர் பாபி பெசார், பாபி தெங்ஙா, பாபி ஹூஜோங். அதாவது பெரிய பன்றி, நடுப் பன்றி, கடைசிப் பன்றி. காட்டுப்பன்றி நிறைய இருந்ததால் வந்த பெயர் என்பார்கள். நல்ல விடுதிகள் வந்த பிறகு பன்றி யாருக்கும் பிடிக்கவில்லை. பெயரிலிருந்து பன்றியை எடுத்துவிட்டார்கள். மிச்சம் இருந்தது பெரியது, நடு, கடைசி. பெரிய பன்றித் தீவு வெறும் பெரிய தீவு ஆனது. மலாயில் பூலாவ் பெசார்.

பன்றியை எடுத்தவர்கள் ஒன்றை யோசிக்கவில்லை. இந்த நாட்டில் ஏற்கெனவே ஒரு பூலாவ் பெசார் இருந்தது. அது மேற்குக் கடலில், மலாக்காவில் இருக்கிறது.

மலாக்கா பூலாவ் பெசாரை அறியாத தமிழர் இங்கே குறைவு. அங்கே ஓர் அவுலியாவின், அதாவது இஸ்லாமிய ஞானியின், அடக்கத்தலம் இருக்கிறது. முஸ்லிம்களோடு நம் ஆட்களும் நேர்ந்துகொண்டு போவார்கள். போகிறவர்கள் பன்றி இறைச்சி தின்றிருக்கக்கூடாது என்பது கட்டாயம். என் அம்மா ஞாயிற்றுக்கிழமைப் பூசையைத் தவறவிடாத கத்தோலிக்கர். அவரே பக்கத்து லயத்துப் பெண்களோடு ஒரு தடவை அங்கே போனார். போவதற்கு முன்னால் ஒரு வாரம் எங்கள் வீட்டில் பன்றிக்கறி கிடையாது. கேட்ட என் அண்ணனுக்கு அகப்பையால் ஓர் அடிதான் கிடைத்தது.

அதனால், பூலாவ் பெசார் என்று சொன்னால் லாபிஸில் இருக்கிற எந்தத் தமிழரும் மேற்குப் பக்கம்தான் காரைத் திருப்புவார். கலைவாணியின் தம்பியும் அப்படித்தான் திருப்பியிருந்தான்.

பெரிய கப்பல்

இது எதுவும் அந்தக் காலை நேரத்தில் என் மண்டையில் ஓடவில்லை. நான் சாலையைத் தாண்டி கார் நிறுத்தும் இடம்வரை போய்த் தேடிவிட்டுத் திரும்பினேன். மூச்சு வாங்கியது.

“எதுத்தாப்புல என்னம்மா தெரியுது உனக்கு?”

“கடல் தெரியுது அக்கா. தூரத்துல பெரிய பெரிய கப்பலா போவுது. ஒண்ணு பின்னால ஒண்ணு.”

எங்கள் படகுத்துறை ஆற்றுக்குள் இருக்கிறது. எதிரே தெரிவது மறுகரையும் மீன்பிடிப் படகுகளும். பெரிய கப்பல் வரிசையாகப் போவது மலாக்கா நீரிணையில்தான்.

“கலை, நீ எந்த ஊர்ல நிக்கிற?”

“என்னக்கா இப்படி கேக்கறீங்க? மலாக்காவுலதான். பூலாவ் பெசார் ஜெட்டி.”

“அம்மா... நான் மெர்சிங்ல இருக்கேன். உன் வீட்டுக்காரர் விழுந்த பூலாவ் பெசார் இங்க இருக்கு. மெர்சிங்ல.”

காற்று மட்டும் போனில் இரைந்தது. பிறகு மெதுவாக, என்னிடம் அல்லாமல் தனக்குத்தானே சொல்வதுபோல, “மெர்சிங் வேணாம்னுதானே சொன்னேன்” என்றாள்.

அடுத்த நொடி குரல் மாறியது. “தம்பி! வண்டிய எடு. இங்க இல்லையாம். மெர்சிங்காம்!”

“அலமாக்! மெர்சிங்கா?” என்று அந்தப் பையன் கத்தியது எனக்கே கேட்டது.

மூவார் பக்கம் வந்து, ஆயர் ஈத்தாம் தாண்டி, குளுவாங் வழியாக வரச் சொன்னேன். நாட்டின் ஒரு கடற்கரையிலிருந்து மறு கடற்கரைக்கு வர வேண்டும். எவ்வளவு விரட்டினாலும் பிற்பகல் ஆகிவிடும். அவள் கேட்டது ஒன்றுதான்.

“அக்கா, அவருக்கு உயிருக்கு ஒண்ணும் இல்லையே? நான் வர்ற வரைக்கும் இருப்பாருல்ல?”

எனக்கு அப்போது நிலைமை தெரியாது. “படகு வந்துகிட்டிருக்கு. நீ பத்திரமா வா” என்று மட்டும் சொன்னேன். பதில் இல்லாத கேள்விக்கு வேறு பதில் சொல்லி அனுப்புவது கவுண்டர்க்காரிக்குப் பழக்கம்தான். அன்றைக்கு அது என் வாயில் கசந்தது.

தண்ணீருக்குக் காத்திருந்தது

மெர்சிங்கைப் பற்றித் தெரியாதவர்களுக்கு ஒன்று சொல்லியாக வேண்டும். எங்கள் ஆற்று முகத்தில் மணல் திட்டு கிடக்கிறது. தண்ணீர் வற்றும் நேரத்தில் அதைத் தாண்டி எந்தப் பெரிய படகும் உள்ளே வர முடியாது, வெளியே போகவும் முடியாது. எங்கள் கால அட்டவணையை எழுதுவது முதலாளி அல்ல, கடல். பயணிகளுக்கு இதைச் சொல்லிச் சொல்லியே என் தொண்டை கெட்டது.

பாக் மான் போன் செய்தார். சந்திரனை ஏற்றிவந்த படகின் சொந்தக்காரர் அவர். அந்தக் கடலிலேயே பிறந்து வளர்ந்த மலாய்க்காரர், என்னைவிட மூத்தவர். மலாயில்தான் பேசுவோம்.

“லூர்து, தண்ணி வத்திருச்சு. உள்ள வர முடியல. திட்டுக்கு வெளியே நங்கூரம் போட்டிருக்கேன்.”

“எப்ப ஏறும்?”

“அது ஏறும்போதுதான் ஏறும்.”

ஆம்புலன்ஸ் ஏற்கெனவே வந்து நின்றிருந்தது. அதில் வந்த மருத்துவ உதவியாளர் ஒரு சின்னச் சம்பானில் ஏறிப் படகுக்கே போய்விட்டார். நல்ல மனுஷன். அலையில் நனைந்துகொண்டே போனார். ஆனால் முதுகு உடைந்தவரை அந்தச் சம்பானில் மாற்றிப் படுக்கவைத்துக் கொண்டுவர முடியாது. கடல் குதித்துக்கொண்டிருந்தது. அங்கேயே ஊசி போட்டு, அங்கேயே மருந்தேற்றிக்கொண்டு, தண்ணீர் ஏறட்டும் என்று அவரும் காத்திருந்தார்.

நான் கவுண்டரைச் சாத்திவிட்டு, கவுண்டருக்கென்று இருந்த கைப்பேசியையும் என் கைப்பேசியையும் எடுத்துக்கொண்டு ஆற்று முகத்துக் கல்கட்டுக்கு நடந்தேன். வெள்ளைப் படகு கண்ணுக்குத் தெரிந்தது. அதில் ஆட்கள் குனிவதும் நிமிர்வதும்கூடத் தெரிந்தது. அவ்வளவு கிட்டத்தில் இருந்தது. எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. யார்மேல் என்றுதான் தெரியவில்லை. மணல்மேல் கோபப்பட்டு என்ன செய்ய?

மறுபடி பாக் மான்.

“லூர்து, இவன் ‘காலாய் காலாய்’னு சொல்லிகிட்டே இருக்கான். தமிழ்ல அது தண்ணியா? மருந்துக்காரர் தண்ணி கொடுக்கக்கூடாதுங்கறார். நான் துணியை நனைச்சு உதட்டுல வெச்சேன். அப்பவும் காலாய்ங்கறான்.”

“அது தண்ணி இல்ல பாக் மான். அவர் பெண்டாட்டி பேரு.”

பாக் மான் மருந்துக்காரரிடம் ஏதோ கேட்டார். பிறகு, “அவளைப் பேசச் சொல்லு. சீக்கிரம்” என்றார்.

அந்தச் சீக்கிரம் என்ற சொல்லில் எனக்கு எல்லாம் புரிந்துவிட்டது.

என் கைப்பேசியில் கலைவாணியை அழைத்தேன். அவர்கள் அப்போதுதான் மூவாரைத் தாண்டியிருந்தார்கள். “கலை, உன் வீட்டுக்காரர் பேசணுங்கறாரு. அழாதம்மா. அவரால அதிகம் பேச முடியாது” என்றேன். இரண்டு போனிலும் ஒலியைக் கூட்டிவைத்து, ஒன்றின் வாயை மற்றொன்றின் காதில் வைத்து, காற்று அடிக்காமல் சேலைத் தலைப்பால் மூடிக்கொண்டு கல்லின்மேல் உட்கார்ந்தேன். கேட்கக்கூடாது என்றுதான் நினைத்தேன். கேட்காமல் அதைப் பிடித்திருக்க முடியாது.

“என்னங்க... நான்தான். கேக்குதா?”

“கலை...” அது மனிதக் குரலாகவே இல்லை. “எங்க இருக்க?”

காரில் இருக்கிறேன், வழியில் இருக்கிறேன், ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று கதறப்போகிறாள் என்று பயந்தேன். அவள் ஒரு மூச்சு விட்டாள்.

“ஜெட்டியில. பூலாவ் பெசார் ஜெட்டியில நிக்கிறேன்.”

“வந்துட்டியா?”

“அப்பவே வந்துட்டேன்.”

“போட்டு... தெரியுதா? வெள்ளை.”

“தெரியுதுங்க. அதைத்தான் பார்த்துகிட்டு இருக்கேன்.”

அந்த நேரம் பார்த்து அவள் பக்கம் ஒரு லாரி பெரிதாக ஹாரன் அடித்தது. ஜெட்டியில் ஏது லாரி? அவருக்குக் கேட்கவில்லையோ, கேட்டும் கேட்காமல் விட்டாரோ, தெரியாது.

“சாப்டியா?”

“சாப்டேன். நீங்க மெதுவா வாங்க. நான் இங்கதான் இருப்பேன்.”

“நில்லு. தோ... வர்றேன்.”

அவ்வளவுதான். அதற்குப் பிறகு பாக் மானின் மூச்சு மட்டும் கேட்டது. பிறகு தொடர்பு போய்விட்டது. என் கைப்பேசியில் கலைவாணி, “என்னங்க, என்னங்க” என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள். “லைன் போயிடுச்சும்மா, வா” என்று சொல்லி வைத்தேன்.

நான் வெள்ளைப் படகையே பார்த்துக்கொண்டிருந்தேன். கொஞ்ச நேரத்தில் அதில் யாரும் குனியவுமில்லை, நிமிரவுமில்லை. எல்லோரும் சும்மா உட்கார்ந்திருந்தார்கள். சிலுவைக் குறி போட்டுக்கொண்டு நானும் அப்படியே உட்கார்ந்திருந்தேன். தண்ணீர் அதன் பாட்டுக்கு மெதுவாக ஏறத் தொடங்கியது.

படகு உள்ளே வந்தபோது ஆம்புலன்ஸ்காரர்கள் ஓடவில்லை. நடந்துதான் போனார்கள். சந்திரனை அப்போதுதான் முதல்முறை பார்த்தேன். நாற்பதைத் தாண்டியிருக்கும். நல்ல உயரம். முகத்தில் அடியே இல்லை. தலைமாட்டில் பாக் மானின் நனைந்த துண்டு மடித்து வைக்கப்பட்டிருந்தது.

கலைவாணி மறுபடி அழைத்தாள்.

“அக்கா, குளுவாங் தாண்டிட்டோம். தண்ணி ஏறிச்சா?”

“ஏறிடுச்சும்மா.”

“போட்டு வந்துடுச்சா?”

“வந்துடுச்சு.”

“அவரு?”

பொய் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. உண்மை சொல்லவும் வரவில்லை. போனைக் காதில் வைத்துக்கொண்டு சும்மா நின்றேன். அவள் புரிந்துகொண்டாள். கார் ஓடும் ஓசை மட்டும். கொஞ்ச நேரம் கழித்து அவள் பேசியது என்னிடம் அல்ல.

“தம்பி, நிறுத்தாத. ஓட்டு.”

ஒரு ‘ம்’

அவள் வந்து சேர்ந்தபோது வெயில் சாய்ந்துவிட்டது. மஞ்சள் சுடிதார்தான். குள்ளமான பெண். மருத்துவமனையில் உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வந்து, என் பக்கத்துப் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தாள். அழவில்லை. அவளுக்கு வந்தது கோபம்.

“பொய் சொல்லிட்டான் அக்கா.”

அதுவரை என்னிடம் பேசிய எல்லாப் பேச்சிலும் அவர், இவர் என்றுதான் சொல்லியிருந்தாள்.

“மெர்சிங்ல கொண்ட்ராக்டு இருக்குன்னு மொதல்லயே ஒரு வாட்டி சொன்னான். நான் வேணாம்னு ஒத்தக்கால்ல நின்னேன். இந்தப் பக்கம் கடல் பெரிய கடல் இல்லியா? அதோட அவனுக்குக் குடி வேற. குடிச்சிட்டு போட்டுல ஏறுனா என்னாவறது? அப்புறம் ஒரு நாளு வந்து, பூலாவ் பெசார்ல வேலை கிடைச்சிருக்குன்னான். நான் கேட்டேன் அக்கா. நம்ம போனோமே, அந்தப் பூலாவ் பெசாரான்னு கேட்டேன்.”

“என்ன சொன்னாரு?”

“‘ம்’ன்னான்.”

அவள் என்னைப் பார்த்தாள். “அவ்ளோதான். ‘ம்’. நான் சந்தோசமா அனுப்பி வெச்சேன். அவுலியா இருக்கிற எடம், புருசன் நல்லாயிடுவான்னு. தினமும் மேக்க பார்த்துக் கும்புட்டுகிட்டு இருந்திருக்கேன். இவன் இங்க கெழக்க இருந்திருக்கான்.”

இங்கே ஒரு பூலாவ் பெசார் எப்படி வந்தது என்று அந்தப் பன்றிக் கதையை அவளுக்குச் சுருக்கமாகச் சொன்னேன். கையைப் பிடித்துக்கொண்டேன். அவள் கை சில்லென்று இருந்தது. பாவம், காலையிலிருந்து ஒரு வாய் காப்பிகூடக் குடிக்கவில்லை. சாப்பிட்டேன் என்று அவரிடம் சொன்னதும் பொய்தான்.

போலீஸ்காரர் ஒருவர் வந்தார். சின்ன வயது. உயிர் போனது தீவிலா, கடலிலா, ஆற்றிலா என்று தயங்கித் தயங்கி என்னிடம் கேட்டார். தீவும் ஜொகூர், கடலும் ஜொகூர், ஆறும் ஜொகூர். அந்த ஒன்றிலாவது சிக்கல் இல்லை. மணல் திட்டுக்கு வெளியே என்று சொன்னேன். அப்படி ஓர் இடத்தை எப்படி எழுதுவது என்று அவர் யோசித்துக்கொண்டு நின்றார்.

பிறகு மண்டோர் வந்தார். அவரும் அதே படகில் வந்தவர்தான். சட்டையெல்லாம் உப்புப் பூத்திருந்தது. தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு, கலைவாணியை மலாயில் அக்கா என்று விளித்து, முகத்தைப் பார்க்காமல் கேட்டார்.

“காக்காக், மன்னிச்சுக்குங்க. ஒண்ணு கேக்கணும், கேக்காம இருந்தா எனக்குப் பாவம். சந்திரன் இஸ்லாத்துக்கு வர்றதா இருந்தாரா? இல்ல வந்துட்டாரா?”

இந்த நாட்டில் ஒருவர் இறந்த பிறகு அந்தக் கேள்வி வந்தால் அது சடலம் யாருக்கு என்று மத இலாகாவோடு வழக்காடுவதில் போய் முடியும் என்று நமக்கெல்லாம் தெரியும். கலைவாணியின் தம்பி நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டான்.

“ஏன் கேக்கறீங்க?” என்றாள் கலைவாணி.

“இல்ல, எங்ககூட இருந்த சீனப் பசங்க பன்றி சமைப்பாங்க. அவர் தொடமாட்டார். அந்தச் சட்டியில வேற எதைச் சமைச்சாலும் தொடமாட்டார். பீர் கொடுத்தாலும் வேணாம்பார். மொத வாரம் கை நடுங்கிகிட்டே இருந்துச்சு, அப்பவும் குடிக்கல. ஏன்னு கேட்டா, ‘இந்தத் தீவுல கூடாது’ம்பார். இங்க என்ன இருக்குன்னு கூடாதுன்னு கேட்டோம். ‘பேரு இருக்குல்ல’ன்னார். எங்களுக்கு ஒண்ணும் புரியல.”

கலைவாணி அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“இல்ல பாக். அவரு மதம் மாறல. நான்தான் சொல்லி அனுப்பினேன். பூலாவ் பெசார்ல இருக்கிற வரைக்கும் பன்றி தொடக்கூடாது, குடிக்கக்கூடாதுன்னு.”

மண்டோர் நிம்மதியாகத் தலையாட்டிவிட்டு, இரண்டு கையாலும் தொப்பியைப் பிசைந்தபடி வெளியே போனார்.

அதுவரைக்கும் அழாதவள் அப்போதுதான் அழுதாள். சத்தம் போட்டு, என் மடியில் முகத்தை வைத்து, வயிறு குலுங்க அழுதாள். நடுவில் நடுவில் எதையோ சொன்னாள். முழுவதும் விளங்கவில்லை. “பன்றித் தீவுல இருந்துகிட்டு அவரு...” என்பது மட்டும் எனக்குக் கேட்டது. நானும் அழுதேன். வெட்கமென்ன, அந்தத் தம்பியும் சுவரைப் பார்த்துக்கொண்டு அழுதான்.

அந்தக் கரை

சடலத்தை லாபிஸுக்குக் கொண்டுபோய் அங்கேயே தகனம் செய்தார்கள். நான் போக முடியவில்லை. தீவுகளுக்குப் போகும் கூட்டம் துக்கத்துக்கெல்லாம் நிற்காது. பாக் மான் சில நாட்கள் படகை எடுக்கவில்லை. அவர் என்னிடம் வந்து, “உங்க ஆட்கள் சாம்பலைக் கடலில் கரைப்பீங்கதானே? என் படகுலயே கூட்டிட்டுப் போறேன்னு அந்தப் பெண்ணுகிட்ட சொல்லு. தண்ணி நிறைஞ்சிருக்கிற நேரமா பார்த்து நான் சொல்றேன்” என்றார். காசு என்ற பேச்சையே எடுக்கக்கூடாது என்று விரலை ஆட்டினார்.

கலைவாணிக்குப் போன் செய்து சொன்னேன். இங்கே வந்தால் என் வீட்டிலேயே தங்கலாம் என்றும் சொன்னேன்.

“அவருக்கு நன்றி சொல்லுங்க அக்கா. ரொம்ப நன்றி சொல்லுங்க. ஆனா வேணாம்.”

“ஏம்மா? அவர் கடைசியா இருந்த கடல் இல்லியா?”

“நான் ஜெட்டியில நிக்கிறேன்னு சொன்னேன். தோ வர்றேன்னு சொன்னாரு. நான் நின்ன ஜெட்டி உங்க ஜெட்டி இல்லையே அக்கா.”

எவ்வளவு பேசுகிறவள் நான். அன்றைக்கு, “சரிம்மா” என்று சொல்லிப் போனை வைத்துவிட்டேன்.

அந்த வாரக் கடைசியில் நான் சீட்டுக் கிழித்துக்கொண்டிருந்தபோது மலாக்கா ஜெட்டியிலிருந்து அவள் குரல் செய்தி ஒன்று வந்தது. வரிசையில் நின்றவர்களைப் பொறுக்கச் சொல்லிவிட்டு காதில் வைத்தேன். ஒரே காற்று. தம்பி யாரிடமோ ஏதோ சொல்வது கேட்டது. பிறகு அவள்.

“வந்து சேர்ந்துட்டாரு அக்கா.”